பீட் போஸல்த்வெய்ட்: எந்தப் படத்திலிருந்து ஆரம்பிப்பது?

செவ்வாய்ப்பேட்டைக்காரன் எழுதியது:

வணக்கம் மக்களே. ஜுராசிக் பார்க் இரண்டாம் பாகம், தி லாஸ்ட் வேர்ல்டில் ரெட்டைக்குழல் துப்பாக்கியோடு ஒரு வேட்டைக்காரர் வருவாரே, சம்பளத்தை நீயே வைத்துக்கொள், எனக்கு அந்த ஆண் டைனோசர் ஒன்று போதும் என்று சொல்கிற ஆள், அவரைப் பற்றித்தான் கேட்கிறேன். பெயர் பீட் போஸல்த்வெய்ட். இன்செப்ஷனில் சாகக் கிடக்கும் பணக்கார அப்பா, தி டவுனில் ரோஜாக் காம்பை நறுக்கிக்கொண்டே மிரட்டும் பூக்கடைக்காரர், தி யூஷுவல் சஸ்பெக்ட்ஸில் வக்கீல் கோபயாஷி, எல்லாம் இவரேதான். கன்னத்து எலும்பு ரெண்டும் அப்படித் துருத்திக்கொண்டிருக்கிற முகத்தை ஒருமுறை பார்த்தால் மறக்காது, ஆனாலும் படத்துக்குப் படம் வேறு ஆளாகத்தான் தெரிகிறார்.

இணையத்தில் தேடினால் எல்லாரும் இதே நாலைந்து ஹாலிவுட் படத்தைத்தான் பட்டியல் போடுகிறார்கள். இதில் எதிலும் மொத்தமாக இருபது நிமிடத்துக்கு மேல் வந்திருப்பாரா என்பதே சந்தேகம். இவ்வளவுதான் இவர் செய்தது என்றால் ஏன் இவ்வளவு பெயர்? நம்ம ஊர் குணச்சித்திர நடிகர்கள் மாதிரி நாடகத்திலிருந்து வந்தவரா, டிவியில் என்ன செய்தார், முழு நீளப் பாத்திரம் எதிலாவது உண்டா? பட்டறை வேலை முடிந்து ராத்திரி போனில்தான் படம் பார்ப்பேன், அதனால் வரிசையாக எதைப் பார்க்கலாம் என்று சொன்னால் புண்ணியமாகப் போகும். வட இங்கிலாந்துப் பேச்சு எனக்குச் சுத்தமாகப் புரியாது, சப்டைட்டில் கட்டாயம்.

பழைய ரீல் எழுதியது:

தம்பி, நீங்கள் பார்த்ததெல்லாம் கடைசிப் பந்தி. முதல் பந்தி பார்க்காமல் இந்த ஆளைப் புரிந்துகொள்ள முடியாது.

1946-ல் வாரிங்டனில் பிறந்தவர், லிவர்பூலுக்கும் மான்செஸ்டருக்கும் நடுவில் இருக்கும் தொழிற்சாலை ஊர். உழைக்கும் குடும்பம், கத்தோலிக்கர்கள், பையன் பாதிரியார் ஆவதா என்றுகூட யோசித்திருக்கிறான். அப்புறம் ஆசிரியர் பயிற்சி, மான்செஸ்டரில் நாடகம் சொல்லிக்கொடுக்கும் வேலை, அதையும் விட்டுவிட்டு பிரிஸ்டல் ஓல்ட் விக் நாடகப் பள்ளி. அதாவது பதினெட்டு வயதில் கனவோடு ரயில் ஏறிய கதையெல்லாம் கிடையாது, மாதச் சம்பளம் வந்த வேலையை விட்டுவிட்டு வந்தவர். இந்தப் பெயரை வைத்துக்கொண்டு எப்படி முன்னுக்கு வருவாய், மாற்று என்று சொல்லியிருக்கிறார்கள், கேட்கவில்லை.

முக்கியமான இடம் லிவர்பூல் எவ்ரிமேன் நாடக அரங்கம், 1970கள். ஜொனாதன் பிரைஸ், பில் நை, ஜூலி வால்டர்ஸ், ஆன்டனி ஷெர் எல்லாரும் அந்தக் காலத்தில் அங்கேதான் கிடந்தார்கள். எவனும் நட்சத்திரம் இல்லை. இந்த வாரம் ராஜா, அடுத்த வாரம் கூட்டத்தில் ஒருவன். நம்முடைய பாய்ஸ் கம்பெனியை நினைத்துக்கொள்ளுங்கள். நம்பியார் சின்னப் பையனாக நவாப் ராஜமாணிக்கம் கம்பெனியில் சேர்ந்தவர், அப்படி உருண்டு வந்ததால்தான் 1950-ல் நம்ம சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் எடுத்த திகம்பர சாமியாரில் பதினோரு வேஷம் போட முடிந்தது. ஏற்காடு ரோட்டில் இன்றைக்கு வளைவு மட்டும் நிற்கிற அந்த ஸ்டுடியோவும் மாதச் சம்பளத்துக்கு ஆள் வைத்துப் படம் எடுத்த இடம்தான். கம்பெனி முறையில் வளர்ந்தவனுக்குப் பாத்திரம் பெரிதா சின்னதா என்ற கணக்கே வராது, மேடையில் இருக்கிற வரைக்கும் அந்த ஆளாக இருந்தாக வேண்டும், அவ்வளவுதான். போஸல்த்வெய்ட்டின் பத்து நிமிடப் பாத்திரங்கள் நிற்பதற்குக் காரணம் இதுதான் என்பது என் அபிப்பிராயம்.

சினிமாவில் முதல் பெரிய அடி 1988-ல் வந்த டிஸ்டன்ட் வாய்ஸஸ், ஸ்டில் லைவ்ஸ். டெரன்ஸ் டேவிஸ் தன் சொந்தக் குடும்பத்தை வைத்து எடுத்தது. குடும்பத்தையே அடித்து நடுங்க வைக்கும் அப்பா வேஷம் இவருக்கு. கிறிஸ்துமஸ் முன்னிரவில் தூங்குகிற பிள்ளைகளைப் பார்த்து அவ்வளவு அன்பாகப் பேசுவார், அடுத்த காட்சியில் சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்தவர் ஒரே இழுப்பில் துணியோடு எல்லாவற்றையும் கீழே தள்ளிவிட்டு, வந்து சுத்தம் பண்ணு என்று மனைவியைப் பார்த்துக் கத்துவார். ரெண்டும் எப்படி ஒரே மனிதன் என்று படம் விளக்காது, இவரும் விளக்க மாட்டார். நம்ம ஆட்கள் இப்படி ஒரு வேஷம் கிடைத்தால் பின்கதையில் அவனுக்கு ஒரு சோகம் வைத்துக் கண்ணீர் விட்டிருப்பார்கள். படத்தில் கதை என்று தொடர்ச்சியாக ஒன்றும் இருக்காது, பாட்டுப் பாட்டாகத்தான் போகும், தூக்கம் வந்தால் என்னைத் திட்டக்கூடாது.

ரோமிங் ராஜா எழுதியது:

இங்கிலாந்து டெல்லி கணேஷ். இதுக்கு ஏன் இவ்வளவு பெரிய கட்டுரை ஐயா.

பழைய ரீல் எழுதியது:

ராஜா, டெல்லி கணேஷ் பெரிய நடிகர், அதில் சண்டையே இல்லை. ஆனால் அவரை மையமாக வைத்துப் பெரிய படம் எடுக்க இங்கே யார் காசு போட்டார்கள் சொல்லுங்கள். அங்கே பிபிசி, சேனல் ஃபோர் மாதிரியான டிவி நிறுவனங்கள் நாடகத்துக்கும் சின்னப் படத்துக்கும் பணம் போட்டன. போஸல்த்வெய்ட் முக்கிய வேஷம் போட்ட பிராஸ்ட் ஆஃப் படத்துக்குப் பின்னால் இருந்தது சேனல் ஃபோரின் படப் பிரிவு. ஹீரோ முகம் இல்லாத ஐம்பது வயதுக்காரர் ஒரு படத்தைத் தாங்க முடிந்தது அந்த ஏற்பாட்டால்தான், திறமை மட்டும் போதாது.

வெள்ளைக்கல் எழுதியது:

பிராஸ்ட் ஆஃப் என்று அண்ணன் பெயரைச் சொல்லிவிட்டார், இனி நான் சும்மா இருக்க முடியாது. அதிலிருந்து ஆரம்பியுங்கள். மற்றதெல்லாம் அப்புறம்.

1996, இயக்கம் மார்க் ஹெர்மன். யார்க்‌ஷயரில் நிலக்கரிச் சுரங்கம் மூடப்போகிற ஒரு ஊர், அந்தச் சுரங்கத் தொழிலாளிகள் சேர்ந்து நடத்தும் பித்தளை வாத்தியக் குழு, அதை நடத்துகிற டானி என்கிற ஓய்வு பெற்ற தொழிலாளி. டானிதான் போஸல்த்வெய்ட். படத்தில் ஊர்ப் பெயர் கிரிம்லி, நிஜத்தில் கிரைம்தார்ப். 1992 அக்டோபரில் அரசாங்கம் மூடப்போகிற சுரங்கங்களின் பட்டியலை அறிவிக்கிறது, அடுத்த சில நாளிலேயே கிரைம்தார்ப் குழு லண்டன் ராயல் ஆல்பர்ட் ஹாலில் தேசியப் போட்டியில் ஜெயிக்கிறது. 1993-ல் சுரங்கம் மூடப்பட்டது. படத்தில் நாம் கேட்கிற இசையை வாசித்ததும் அதே குழுதான்.

எங்கள் வீடு கருப்பூர்ப் பக்கம். அப்பா மாக்னசைட் சுரங்கத்தில் வேலை பார்த்தவர், எந்தக் கம்பெனி என்பது இங்கே வேண்டாம். சாயங்காலம் வீட்டுக்கு வந்தால் புருவம்கூட வெள்ளையாக இருக்கும். ஆட்குறைப்பு என்று வந்தபோது யார் கையெழுத்துப் போட்டுப் பணத்தை வாங்கிக்கொள்வது, யார் நின்று போராடுவது என்று ஒரே தெருவுக்குள் பேச்சுவார்த்தை நின்றுபோன குடும்பங்கள் உண்டு. அந்தப் படத்தில் அது அப்படியே இருக்கிறது. அதை வைத்துத்தான் சொல்கிறேன், டானி பாத்திரத்தை நல்லவராக மட்டும் நடித்திருந்தால் படம் கெட்டிருக்கும். ஊரே வேலை போகிற பயத்தில் கிடக்கும்போது இந்த மனுஷன் ஒத்திகைக்கு வா, வாத்தியத்தைத் துடை, சுருதி தப்புகிறது என்று நிற்கிறார். கடனில் முழுகிக்கொண்டிருக்கும் சொந்த மகனிடம்கூடக் குழுவைப் பற்றித்தான் பேச்சு. பார்க்கிற நமக்கே எரிச்சல் வரும், வரட்டும் என்று விட்டுத்தான் நடித்திருக்கிறார்.

நுரையீரலில் நிலக்கரித் தூசி படிந்த அந்த இருமலை எங்கேயும் பெரிதுபடுத்த மாட்டார், முதலில் கைக்குட்டையில் பாதி மறைத்துக்கொண்டுதான் இருமுவார். ஆஸ்பத்திரியில் படுத்திருக்கும்போது ராத்திரி வெளியே நின்று குழு வாசிக்கும், தலையில் சுரங்க விளக்கோடு. கடைசியில் ஆல்பர்ட் ஹால் மேடையில் ஒரு பேச்சு. கோப்பையை வாங்க மாட்டேன் என்று சொல்லிவிட்டு, இசைதான் முக்கியம் என்று இவ்வளவு நாள் நினைத்தேன், மனுஷங்களை விட அது ஒன்றும் பெரிதில்லை என்கிற மாதிரி பேசுவார். சும்பவாம்பா குழுவின் டப்தம்பிங் பாட்டு ஆல்பத்தில் அந்தப் பேச்சிலிருந்து ஒரு துண்டை எடுத்துத்தான் ஆரம்பிக்கும். 90களில் கல்லூரிக் கலைவிழாவில் அந்தப் பாட்டுக்கு ஆடியவர்கள் எத்தனை பேருக்கு இது தெரியுமோ.

யுவான் மெக்ரெகரின் காதல் கதை ஒன்று நடுவில் வரும், அதை வேகமாக ஓட்டிவிட்டாலும் பரவாயில்லை.

மலைப்பாதை எழுதியது:

எல்லாரும் சினிமாவையே பேசுகிறீர்கள், தம்பி கேட்டதில் பாதி டிவி. நான் ஏற்காட்டில் பள்ளி ஆசிரியை, இங்கே மழைக்காலத்தில் சாயங்காலம் ஆறு மணிக்கு மேல் பனி இறங்கிவிட்டால் வீட்டை விட்டு நகர முடியாது, அப்படிப் பார்த்துத் தீர்த்த தொடர்கள் நிறைய.

1981-லேயே பிபிசியின் பிளே ஃபார் டுடே வரிசையில் ஆலன் பிளீஸ்டேல் எழுதிய தி மசில் மார்க்கெட் என்கிற தனி நாடகத்தில் முதன்மைப் பாத்திரம் செய்திருக்கிறார். ஆனால் பிரிட்டனில் வீட்டுக்கு வீடு இவர் முகம் பதிந்தது 1994-ல் என்று நினைக்கிறேன். அந்த ஒரே வருஷத்தில் ரெண்டு வில்லன்கள், ஒன்றுக்கு ஒன்று சம்பந்தமே கிடையாது. ஷார்ப் தொடரில் சார்ஜென்ட் ஹேக்ஸ்வில். நெப்போலியன் காலத்து ஸ்பெயின் போர், ஷான் பீன்தான் ஹீரோ. ஹேக்ஸ்வில் தன் தொப்பிக்குள் அம்மாவின் படத்தை வைத்துக்கொண்டு அதோடு பேசுவான், முகம் வெட்டி வெட்டி இழுக்கும், சாவே தன்னை நெருங்காது என்று நம்புகிறவன். இதைக் கொஞ்சம் மிகையாகத்தான் செய்திருக்கிறார், ஆனால் அந்தத் தொடருக்கு அது பொருந்துகிறது. சிரித்துக்கொண்டே பார்ப்போம், திடீரென்று வயிற்றைப் பிசையும்.

இன்னொன்று டிக்கன்ஸின் மார்ட்டின் சஸில்விட், பிபிசி. அதில் டிக் என்கிற ஆள். முதலில் அஞ்சு பத்துக்கு நாலு பேரிடம் கை நீட்டிக்கொண்டு திரிவான், கொஞ்ச காலம் கழித்துப் பெயரை முன்னே பின்னே மாற்றிப் போட்டுக்கொண்டு பெரிய இன்சூரன்ஸ் கம்பெனி முதலாளியாக வந்து நிற்பான். ஆபீஸ் பளபளப்பு, வாசலில் சீருடைக் காவலாள், புதுசாகச் சேருகிறவன் கட்டும் பணத்தை எடுத்துப் பழையவனுக்குக் கொடுப்பது. ஏமாந்த சீட்டுப் பணத்தைப் பற்றிப் பேசாத குடும்பம் நம்ம ஜில்லாவில் உண்டா? பார்க்கும்போது டிக் மேல் எனக்குக் கோபமே வரவில்லை, அதுதான் பயமாக இருந்தது. அவன் சிரித்துக்கொண்டே தோளில் கை போட்டால் நானும் பத்தாயிரம் கட்டியிருப்பேன். டாம் வில்கின்சனும் அதே தொடரில் பெக்ஸ்னிஃப் என்கிற போலிச் சாமியார்த்தனமான ஆளாக வருவார், ரெண்டு குணச்சித்திரக்காரர்களும் பின்னாளில் ஹாலிவுட் போனவர்கள், அதற்காகவே பார்க்கலாம்.

1999-ல் லாஸ்ட் ஃபார் வேர்ட்ஸ், ஐடிவி. பக்கவாதம் வந்து நினைவு தடுமாறும் வயதான அம்மா, பக்கத்தில் இருந்து பார்த்துக்கொள்ளும் எழுத்தாளர் மகன். அம்மாவாகத் தோரா ஹேர்ட், அப்போது எண்பத்தைந்தைத் தாண்டியவர், பிரிட்டனின் பாஃப்டா விருது அவருக்குத்தான் கிடைத்தது. இவர் பெரும்பாலும் எதிரில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருப்பார். அந்த அம்மா சொல்லும் தாறுமாறான பதிலுக்கு இவர் முகம் சிரிப்பதா அழுவதா என்று ஒரு நொடி தடுமாறும் பாருங்கள், ஹேக்ஸ்விலாக நடித்த அதே முகம். வீட்டில் வயதானவர்களை வைத்துப் பார்த்துக்கொள்பவர்கள் கொஞ்சம் மனதைத் தயார் செய்துகொண்டு பாருங்கள்.

அப்புறம் பழைய ரீல் ஐயாவிடம் ஒரு சின்னக் கருத்து வேறுபாடு. ஹாலிவுட் வேஷங்களைக் கடைசிப் பந்தி என்று தள்ளக்கூடாது. லாஸ்ட் வேர்ல்டில் அவருடைய வேட்டை நண்பன் அஜய் செத்துப்போன பிறகு, கடைசியில் அந்தப் பெரிய மிருகமும் பிடிபட்டுவிடும், முதலாளி வேலை தருகிறேன் என்பான், சாவோடு போதுமான அளவு காலம் கழித்துவிட்டேன் என்று சொல்லிவிட்டு நடந்து போய்விடுவார். டைனோசர் படத்தில் அந்த ஒரு வரிக்கு அவ்வளவு எடை தேவையே இல்லை. அவர் கொடுத்தார்.

செவ்வாய்ப்பேட்டைக்காரன் எழுதியது:

அடேயப்பா. எல்லாருக்கும் நன்றி. ஸ்பீல்பெர்க் இவரை உலகத்திலேயே சிறந்த நடிகர் என்று சொன்னதாகப் படித்தேன், நிஜமா? அப்புறம் இன் தி நேம் ஆஃப் தி ஃபாதர் பற்றி யாரும் சொல்லவில்லையே, ஆஸ்கருக்குப் பரிந்துரை வந்தது அதற்குத்தானே?

பழைய ரீல் எழுதியது:

ஸ்பீல்பெர்க் சொன்னது நிஜம்தான். லாஸ்ட் வேர்ல்ட், அமிஸ்டாட் ரெண்டும் 1997-ல் அவரோடு செய்தவை. அதற்கு இவர் கொடுத்த பதில் இன்னும் பிரபலம்: ஸ்பீல்பெர்க் சொன்னது, பீட் தன்னைத்தானே உலகத்தின் சிறந்த நடிகன் என்று நினைத்துக்கொண்டிருக்கிறான் என்றுதான் இருக்கும் என்று சிரித்துவிட்டார்.

இன் தி நேம் ஆஃப் தி ஃபாதர் 1993, ஜிம் ஷெரிடன். 1974-ல் கில்ட்ஃபர்ட் மதுக்கடைகளில் குண்டு வெடித்த வழக்கில் செய்யாத குற்றத்துக்காக உள்ளே போன ஜெரி கான்லன், அவரைக் காப்பாற்ற வக்கீல் ஏற்பாடு செய்யலாம் என்று பெல்ஃபாஸ்டிலிருந்து லண்டன் வந்து தானே மாட்டிக்கொண்ட அப்பா ஜுசெப்பே. அப்பா 1980-ல் சிறைவாசியாகவே இறந்துபோனார், மகன் 1989-ல்தான் வெளியே வந்தார். படத்தில் அப்பாவும் மகனும் ஒரே அறையில் இருப்பது சினிமாவுக்காகச் செய்த மாற்றம். மகனாக டேனியல் டே லூயிஸ். இருவருக்கும் வயது வித்தியாசம் பதினொன்றுதான், 1946, 1957. அது படம் முழுக்க ஒரு இடத்தில்கூடத் தோன்றாது. தோளைக் கொஞ்சம் உள்ளே ஒடுக்கி, மூச்சைச் சின்னதாக்கி, ஜெபமாலையோடு அந்தச் சின்ன மனிதராகவே இருப்பார். டே லூயிஸ் பொங்குகிற காட்சிகளில் எல்லாம் இவர் கிட்டத்தட்ட ஒன்றும் செய்ய மாட்டார், நம் கண் இவர் மேல்தான் இருக்கும்.

துணை நடிகருக்கான ஆஸ்கர் பரிந்துரை அது ஒன்றுதான், தி ஃப்யூஜிட்டிவுக்காக டாமி லீ ஜோன்ஸ் வாங்கிக்கொண்டு போனார். 2011 ஜனவரி 2-ம் தேதி புற்றுநோயில் இவர் இறந்தபோது வயது 64. அதற்குப் பிறகு தி டவுனுக்காக பாஃப்டா பரிந்துரை வந்தது.

மலைப்பாதை அவர்களே, அஜய் காட்சியை ஒத்துக்கொள்கிறேன். ஆனால் க்ளாஷ் ஆஃப் தி டைட்டன்ஸ், ஈயான் ஃப்ளக்ஸ் இதற்கெல்லாம் என்ன சொல்கிறீர்கள்? வீட்டுச் செலவுக்கு நடித்தார் என்று சொல்லிவிட்டுப் போகலாம், தப்பில்லை.

மலைப்பாதை எழுதியது:

ஈயான் ஃப்ளக்ஸுக்கு நான் வக்காலத்து வாங்கவில்லை. ஆனால் அந்தப் பணமெல்லாம் எங்கே போனாலும் 2008-ல் ஆள் திரும்பி லிவர்பூல் எவ்ரிமேனுக்கே போய் கிங் லியர் நடித்தாரே, அதையும் கணக்கில் வையுங்கள்.

வெள்ளைக்கல் எழுதியது:

ஒரே ஒரு விஷயம் எனக்கு உறுத்தல். 2009-ல் தி ஏஜ் ஆஃப் ஸ்டுபிட் என்று பருவநிலை மாற்றம் பற்றி ஒரு படம், அதில் 2055-ல் தனியாக மிச்சம் இருக்கும் ஆவணக்காப்பாளராக வருவார். அந்தப் படத்தின் முதல் காட்சி அன்றைக்கு, கிங்ஸ்நார்த்தில் புது நிலக்கரி மின்நிலையம் கட்ட அரசு அனுமதி கொடுத்தால் 2004-ல் வாங்கிய ஓ.பி.இ. என்கிற பிரிட்டிஷ் அரசுப் பட்டத்தைத் திருப்பிக் கொடுத்துவிடுவேன் என்று அமைச்சர் எட் மிலிபாண்டிடமே சொன்னார். கடைசியில் அந்த நிலையம் கட்டப்படவில்லை. டானியாக நடித்த ஆள் நிலக்கரிக்கு எதிராக நிற்பதைச் சுரங்க வீட்டுப் பிள்ளையாக என்னால் சட்டென்று விழுங்க முடியவில்லை.

மலைப்பாதை எழுதியது:

எனக்கு அதில் முரண்பாடே தெரியவில்லை தம்பி. டானி கடைசியில் பேசுவது நிலக்கரிக்காகவா? வேலையை ஒரே நாளில் பிடுங்கிவிட்டு அந்த ஊர் ஆட்கள் எப்படிப் பிழைப்பார்கள் என்று ஒருவரும் கேட்கவில்லையே என்றுதான் பேசுகிறார். மேட்டூரில் அனல்மின் நிலையச் சாம்பலோடு வாழ்கிறவர்களிடம் கேட்டுப் பாருங்கள், அங்கே வேலை பார்க்கிறவர்களே ரெண்டு பக்கமும் பேசுவார்கள்.

வெள்ளைக்கல் எழுதியது:

மேட்டூர்க்காரர்கள் ரெண்டு பக்கமும் பேசலாம் டீச்சர், அவர்களுக்கு இன்னும் வேலை இருக்கிறது. எங்கள் தெருவில் அப்படிப் பேச ஆள் இல்லை. படத்தை மறுபடியும் பார்த்துவிட்டு வருகிறேன், ஆனால் மாறுவேன் என்று வாக்குக் கொடுக்க மாட்டேன்.

செவ்வாய்ப்பேட்டைக்காரன் எழுதியது:

சரி, பிராஸ்ட் ஆஃப் முதலில், அப்புறம் ஜுசெப்பே, அப்புறம் டிக். டிக்கை எங்கள் கடை முதலாளியோடு உட்கார்ந்து பார்க்கப் போகிறேன், அவருக்கு ஒரு ஃபைனான்ஸ் கம்பெனியில் போன பணம் இன்னும் வரவில்லை.